திட்டு வாங்கிய நாள்

என் அக்காவுக்கு வாய் அதிகம். எங்கள் தையல் கடையில் ஊசி தொலைந்தால்கூடத் தெருமுனை வரை குரல் கேட்கும். அப்படிப்பட்டவள், நான் நோயில் விழுந்ததிலிருந்து பசுவாகிவிட்டாள்.

மனச்சோர்வு நோய் என்றார் டாக்டர். தலை சீவக்கூடத் தெம்பில்லாமல் சுவரைப் பார்த்துப் படுத்தே கிடந்தேன். "எல்லாம் சோம்பேறித்தனம்" என்ற உறவுக்காரர்களை அக்கா வாசலோடு விரட்டினாள். மாத்திரை, டாக்டர், மெதுவாகத் தூக்கம், பிறகு கடை. இன்றும் சில காலைகளில் உடம்பு ஈரத்துணியாகக் கனக்கிறது. ஆனாலும் எழுந்து வந்துவிடுகிறேன். மிஷின் ஓடுகிற சத்தம் எனக்குப் பிடித்திருக்கிறது.

பிடிக்காதது அக்காவின் சாந்தம்தான். பொத்தானை மாற்றித் தைத்தால் "பரவாயில்லம்மா." தாமதமாக வந்தால் "பரவாயில்லம்மா." பிறந்ததிலிருந்து என்னை 'அம்மா' போட்டுப் பேசியவளே இல்லை அவள். இப்படியே போனால் ஆயுசுக்கும் நான் நோயாளிதான் என்று பயமாக இருந்தது.

நேற்று ஒரு பட்டுத்துணியை மடிக்காமல் ஒற்றையாக விரித்து வெட்டினேன். தாளில் எடுத்த கை வடிவத்தை இரண்டாம் முறை திருப்பிப் போட மறந்துவிட்டேன். ரவிக்கைக்கு இரண்டுமே இடது கை. மிச்சத் துணியும் இல்லை. அக்கா பார்த்தாள். உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"பரவாயில்லம்மா, நான் பாத்துக்கறேன்."

எனக்கு எங்கிருந்துதான் அப்படி ஒரு கோபம் வந்ததோ!

"என்ன பரவாயில்ல? அடுத்தவங்க பட்டு அது! திட்டேன்!"

"நான் திட்டி, நீ மறுபடியும் படுத்துட்டா?" அக்காவின் குரல் உடைந்தது. "அந்த முகத்த இன்னொரு தடவ என்னால பாக்க முடியாதுடி."

"நீ திட்டியா எனக்கு இது வந்துச்சு? திரும்ப வந்தா டாக்டர்கிட்ட போவோம். அதுக்காக என்னைப் பொம்மையாட்டம் உக்கார வச்சிருப்பியா?"

 அக்கா அந்த இரண்டு கைத்துண்டுகளையும் எடுத்து என் முகத்துக்கு நேரே ஆட்டினாள்.

"கண்ண என்ன பிடரியிலயா வச்சிருக்க? இதப் போட்டுக்கப் போற அம்மாவுக்கு ரெண்டும் இடது கையா இருக்கு? துணிய மடிச்சு வெட்டணும்னு எத்தன தடவ சொல்லியிருக்கேன், எருமை!"

எதிர்க்கடைக்காரர் எட்டிப் பார்த்தார். நானும் விடவில்லை, பழைய கணக்கெல்லாம் எடுத்து எகிறினேன். கண்ணைத் துடைத்துக்கொண்டே திட்டினாள், மூச்சு வாங்கும் வரை திட்டினாள்.

"போதுமா, இன்னும் திட்டவா?"

"சாப்பிட்டுட்டு வந்து திட்டு" என்றேன். எனக்கு அப்படியொரு பசி.