வெளிச்சுவர் வெள்ளை

துணியை நனைத்துத் துடைத்தேன். போகவில்லை. மறுபடி துடைத்தேன். நான் வரைந்த புலியின் மூக்கைச் சுற்றியிருந்த வெள்ளை, வாலுவின் தோலோடு ஒட்டிக்கொண்டு வெடித்தது.

"எரியுது அத்தை!"

வாலு என் அண்ணன் மகள். ஒரு மாதமாக அவள் கன்னத்தில்தான் முகவண்ணம் பழகினேன். முதலில் பட்டாம்பூச்சி, பிறகு பூனை. புலிதான் கடைசியாகக் கைக்கு வந்தது. எதிர்வீட்டில் இன்று மாலை ஒரு பிறந்தநாள். என்னை நம்பி ஒருவர் கூப்பிட்ட முதல் வேலை. அதற்காகத்தான் இந்த ஒத்திகை.

என் வண்ணம் தண்ணீர் பட்டாலே கரைந்துவிடும். இது கரையவில்லை. சமையல் எண்ணெயைத் தடவி ஊறவிட்டு, நகத்தால் மெல்ல உரித்தேன். உதட்டுக்கு மேல் தோல் செக்கச்செவேலென்று தெரிந்தது. அவசரத்தில் பார்க்காமல் தொட்ட வெள்ளை டப்பாவை மறுபடி திறந்தேன். தேய்ந்து குழியாக இருந்த வெள்ளை, விளிம்புவரை நிரம்பி வழவழவென்று இருந்தது.

சுவருக்கு வண்ணம் அடிக்கும் என் அண்ணன் மதியச் சாப்பாட்டுக்கு வந்தான்.

"பாத்தியா? வெள்ளை தீர்ந்து போச்சேன்னு நான்தான் ரொப்பி வெச்சேன். வெளிச்சுவருக்கு அடிக்கிறது. மழை பேஞ்சாலும் போகாது!"

"அது மூஞ்சிடா! சுவரில்ல!"

"கத்தாதடி. தினமும் என் கையெல்லாம் இதானே? மூஞ்சில கிறுக்கறதுக்கு இவ்வளவு அலட்டலா?"

"உன் மக வாயைப் பாரு."

பார்த்தான். சிரிப்பு நின்றது. ஆனால் எனக்கு ஆறவில்லை. சாயங்காலம் எதிர்வீட்டில் எத்தனை வாய், எத்தனை கண்ணிமை!

"உக்காரு" என்றேன்.

"எதுக்கு?"

"உக்காருன்னேன்ல!"

உட்கார்ந்தான். அவன் நிரப்பிய வெள்ளையை எடுத்து, சவரம் செய்யாத அவன் தாடையில் பட்டையாக இழுத்தேன். அது காயும்வரை காத்திருந்தேன்.

"இப்ப சிரி."

வாயை இழுத்தான். வண்ணம் அவன் மயிரைக் கவ்விப் பிடித்தது. "ஆ!" என்றான்.

"அழாதப்பா. இன்னும் உரிக்கவே இல்ல" என்றாள் வாலு.

"தெரியாம செஞ்சிட்டேன்டி."

"கேட்டிருக்கலாம்ல? கேக்கற அளவுக்கு இது ஒரு வேலைன்னு உனக்குத் தோணல. அதான்."

அந்த டப்பாவைக் குப்பையில் எறிந்தேன். மற்ற டப்பாக்களைத் திறந்து, ஒவ்வொன்றிலும் ஒரு பொட்டு என் முழங்கையின் உட்புறம் வைத்து, காத்திருந்து, ஈரத்துணியால் துடைத்தேன். எல்லாம் போயின. எதிர்வீட்டு அம்மாவுக்குப் போன் போட்டு, வெள்ளை கெட்டுவிட்டது, அதனால் புலி வராது, தேனீயும் பட்டாம்பூச்சியும் போடுகிறேன் என்றேன்.

"தேனீயே போதும், வாங்க" என்றார்.

பெட்டியை மூடினேன். அண்ணன் வெள்ளைத் தாடையோடு எழுந்து கையை நீட்டினான். "நான் தூக்கிட்டு வரட்டுமா?"

"தொடாதே" என்று சொல்லிவிட்டு நானே தூக்கிக்கொண்டேன்.