லைபீரியா பிறந்த வருஷம்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும். அதை நானே ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கள்ளத்தனம் கிடையாது. கம்பம் ஊரில் ஜீப் உதிரிபாகக் கடை வைத்திருக்கும் ஜெபராஜ் பழைய பேரிங்கைத் துடைத்துப் புதிது என்று விற்றான் என்று இதுவரை ஒருவனும் சொன்னதில்லை. அதனால்தான் பதின்மூன்று வருடமாக எங்கள் சபையின் அறுப்புப் பண்டிகையில் வினாடி வினா நடத்தும் மைக் என் கையில் இருந்தது.

பண்டிகையன்று காலை ஆராதனை முடிந்ததும் ஆண்கள் சங்கமும் பெண்கள் சங்கமும் மோதும். தோற்கிற சங்கம் சாயங்கால அசனத்துக்கு மூன்று மூட்டை சின்ன வெங்காயம் உரிக்க வேண்டும். ஊர் கூடிச் சாப்பிடுகிற விருந்து அது, வெங்காயத்துக்குக் குறை வைக்க முடியாது. ஒன்பது வருடமாகப் பெண்கள்தான் உரித்தார்கள். ஆண்கள் அணிக்குத் தலைவர் ஸ்டீவன், சரித்திர வாத்தியார். பெண்கள் அணிக்குத் தலைவி மகிமா. ஸ்டீவன் மகிமாவின் கூடப்பிறந்த அண்ணன். மகிமா என் மனைவி.

போன வருடம் பெண்கள் ஐந்தே மதிப்பெண்ணில் தோற்றார்கள். ஜெயித்த மனிதர் சும்மா இருந்திருக்கலாம். "இவ்வளவு கிட்ட வந்துட்டாகளே, கேள்வி எழுதுற வீட்லதான தங்கச்சி இருக்கு?" என்று மைக்கிலேயே சொல்லிச் சிரித்தார். எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. பிரசங்க பீடத்தில் கையை வைத்தேன். "என் கையில இருந்து ஒரு கேள்வி வெளியே போச்சுன்னு தெரிஞ்சா, அன்னைக்கோட இந்த மைக்கைத் தொட மாட்டேன்" என்றேன். கோபத்தில் சொன்னாலும் பீடத்தில் வைத்த கை அல்லவா.

எனவே இந்த வருடம் வீட்டில் ஒரு கேள்விகூட எழுதவில்லை. கடை மேஜையில் உட்கார்ந்து, வாடிக்கையாளர் வந்து போகிற இடைவெளியில், அட்டை அட்டையாக எழுதினேன். தலைப்பு 'நாடுகள் பிறந்த கதை'. எழுதியதை கிளட்ச் பிளேட் வந்த காலிப் பெட்டிக்குள் போட்டு மேஜைக்கு அடியில் தள்ளிவிடுவேன். அதை எவன் தேடப்போகிறான் என்று நினைத்தேன்.

போட்டியன்று கோவில் நிரம்பி வழிந்தது. நார்வே எந்த நாட்டிடமிருந்து பிரிந்தது என்று கேட்டேன். சுவீடன் என்றார் ஸ்டீவன். நான்கு பக்கமும் தென்னாப்பிரிக்கா சூழ்ந்த நாடு எது என்றேன். மகிமா மணியை அடித்து லெசோத்தோ என்றாள். பொலிவியா யார் பெயரைத் தாங்கி நிற்கிறது, ஹைட்டி யாரை எதிர்த்து விடுதலை பெற்றது என்று போய்க்கொண்டே இருந்தது. கடைசிக் கேள்விக்கு வரும்போது ஆண்கள் எண்பது, பெண்கள் எழுபத்தைந்து. சரியான விடைக்குப் பத்து மதிப்பெண், தவறான விடைக்கு ஐந்து குறையும்.

கடைசி அட்டையை எடுத்தேன். "அமெரிக்காவில் விடுதலை பெற்ற அடிமைகள் கப்பலேறி வந்து ஆப்பிரிக்காவில் குடியேறிய லைபீரியா…"

ஸ்டீவன் மணியை அடித்துவிட்டார். "1847."

அட்டையைப் பார்த்தேன். 1869 என்று இருந்தது. "தவறு" என்றேன். ஆண்கள் பக்கம் ஒரு முனகல். கேள்வி பெண்களுக்குப் போனது. மகிமா யோசிக்கவே இல்லை.

"1869."

"சரி!"

பெண்கள் பக்கம் கூரை பறந்துவிடும்போல் ஆரவாரம். அறுபது வயது சங்கிலியம்மாள் பெஞ்சு மேல் ஏறிவிட்டாள். நானும் சிரித்துக்கொண்டே அட்டையைத் திருப்பினேன். அதன் ஓரத்தில் கிரீஸ் படிந்த என் பெருவிரல் தடம் இருந்தது. அதைப் பார்த்ததும் அதை எழுதிய நாள் ஞாபகம் வந்தது.

போட்டிக்கு முந்தின வியாழக்கிழமை காலை. ஏலத்தோட்டத்துக்கு ஆளேற்றிப் போகும் முத்துவீரனின் ஜீப் கடை வாசலில் படுத்துவிட்டது. நான் லைபீரியாவை எழுதிக்கொண்டிருந்தேன். "அண்ணாச்சி, 1869-க்கு கிளட்ச் பிளேட்டு எடுத்து வைங்க" என்று அவன் கத்தினான். எங்கள் கடையில் வண்டிக்குப் பெயர் கிடையாது, நம்பர்தான். அவன் சொன்னதை என் கை எழுதிவிட்டது. பிளேட்டை எடுத்துக் கொடுத்துவிட்டு அட்டையைப் பெட்டியில் போட்டேன்.

லைபீரியா 1869-ல் பிறந்ததாக உலகத்தில் எந்தப் புத்தகமும் சொல்லாது. என் அட்டை ஒன்றுதான் சொல்லும். மகிமா மதியம் தினமும் கடைக்குச் சாப்பாடு கொண்டு வருவாள். நான் கை கழுவப் பின்பக்கம் போவேன்.

அவளைப் பார்த்தேன். எல்லோரும் அவள் தோளைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். என் முகத்தைப் பார்த்ததும் அவள் சிரிப்பு நின்றது.

"மாப்ள, 1847தான். இருபது வருஷமா பாடம் நடத்துறேன்" என்று ஸ்டீவன் போனை எடுத்துக்கொண்டு பாஸ்டரிடம் போனார். பாஸ்டர் கண்ணாடியை ஏற்றிவிட்டு வாசித்தார். "1847-னுதான் போட்டிருக்கு, ஜெபராஜ்."

கூட்டம் சிரித்தது. தப்பு எழுதுவது பெரிய குற்றமா? மன்னிப்புக் கேட்டு மதிப்பெண்ணை மாற்றினால் முடிந்தது. அப்படியே முடிந்துவிட வேண்டுமே என்று நான் உள்ளுக்குள் ஜெபித்தேன். மடியில் கனம் ஏறிவிட்டது, இனி வழியெல்லாம் பயம்தானே. ஸ்டீவனும் சிரித்துக்கொண்டேதான் திரும்பினார். நடுவழியில் நின்றார்.

"ஒரு நிமிஷம். தப்பு ஒங்க அட்டையில இருக்கு, சரி. அதே தப்பு தங்கச்சி வாயில எப்படி வந்துச்சு?"

சிரிப்பு அடங்கியது.

"அட்டையைக் காட்டுங்க, மாப்ள."

அட்டையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்தேன். தப்பிக்க ஒரு வழி இருந்தது. அட்டையில் 1847 என்றுதான் இருக்கிறது, நான்தான் அவசரத்தில் அட்டையைப் பார்க்காமலே தவறு, சரி என்று மாற்றிச் சொல்லிவிட்டேன் என்று சொல்லி அட்டையைக் கசக்கிச் சட்டைப்பைக்குள் போட்டுவிடலாம். அவள் சும்மா ஊகித்துச் சொன்னதாகப் போய்விடும். அவள் மானமும் என் மைக்கும் ஒரே பொய்யில் தப்பும். நாலடி தள்ளி அந்தப் பீடம் நின்றது. நான் வாயைத் திறந்தேன்.

"அட்டையில வந்து…"

"அட்டையில 1869தான் இருக்கு" என்று மகிமா எழுந்தாள். "வியாழக்கிழமை சாப்பாடு கொண்டுபோனப்ப பெட்டியைத் தொறந்து பாத்தேன். அவுகளுக்குத் தெரியாது. ஒன்பது வருஷம் உரிச்சாச்சு, ஒரு வருஷமாச்சும் இவுக உரிக்கட்டுமேன்னு பாத்தேன். தப்புதான்."

சங்கிலியம்மாள் மெதுவாகப் பெஞ்சிலிருந்து இறங்கினாள்.

"பாத்தீகளா? வேலியே பயிரை மேஞ்சிருக்கு!" என்று ஸ்டீவன் கூட்டத்தைப் பார்த்துக் கையை விரித்தார். "இதைத்தான போன வருஷமே சொன்னேன்."

மகிமா உட்காரவில்லை. "அண்ணே, நான் பாத்தேன், ஒத்துக்கிட்டேன். அவுக லைபீரியான்னு சொல்லி வாயை மூடல, நீங்க மணியை அடிச்சீக. வருஷத்தைத்தான் கேக்கப்போறாகன்னு ஒங்களுக்கு யாரு சொன்னா?"

பாஸ்டர் என்னிடமிருந்து அட்டையை வாங்கி முழுதாக வாசித்தார். "…லைபீரியா எந்த ஆண்டு தன்னைத் தனி நாடாக அறிவித்தது?" பிறகு ஸ்டீவனைப் பார்த்தார். "நானா இருந்தா தலைநகரைத்தான் கேப்பாகன்னு நெனச்சு மன்ரோவியான்னு சொல்லிருப்பேன், வாத்தியாரே."

"அனுபவம்யா. ஒரு ஊகம்தான்" என்றார் ஸ்டீவன்.

எனக்கு வியாழக்கிழமை சாயங்காலம் ஞாபகம் வந்தது. மச்சான் கடைக்கு வந்தார். டீ சொல்லிவிட்டு, மேஜைக்கு இந்தப் பக்கம் என் நாற்காலியிலேயே உட்கார்ந்தார். நான் ஒரு வண்டிக்குப் பம்பு தேடிப் பின்பக்கம் போய் வர அரை மணி நேரம் ஆனது. தங்கை விடையையும் சேர்த்துப் படித்திருக்கிறாள். சரித்திர வாத்தியார் விடை தனக்கே தெரியும் என்று கேள்வியை மட்டும் படித்திருக்கிறார்.

"வியாழக்கிழமை என் நாற்காலியில ஒக்காந்திருந்தீகளே, மச்சான்" என்றேன். மைக்கில்தான் சொன்னேன். அவர் போனைச் சட்டைப்பையில் போட்டார், வெளியே எடுத்தார், திரும்பவும் போட்டார்.

மைக்கைப் பீடத்தின் மேல் வைத்தேன். வைக்கச் சொல்லி ஒருவரும் கேட்கவில்லை. பதின்மூன்று வருடம் பிடித்த கை, விட்டதும் எங்கே வைப்பதென்று தெரியாமல் தொங்கியது. வலித்தது, சொல்வதற்கென்ன.

இரண்டு சங்கமும் சேர்ந்தே உரிக்கட்டும் என்று பாஸ்டர் தீர்ப்புச் சொன்னார். கோவிலுக்குப் பின்னால் தார்ப்பாய் விரித்து மூன்று மூட்டையையும் கொட்டினார்கள். ஸ்டீவன் ஒரு மூலையில் முதுகைக் காட்டிக்கொண்டு உரித்தார். நான் மகிமாவுக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. எனக்குக் கோபம் ஆறவில்லை.

"நான் எப்படியாச்சும் சமாளிச்சிருப்பேன். நீ எதுக்கு எந்திரிச்ச?" என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன்.

அவள் ஒரு வெங்காயத்தை உரித்து முடித்து அண்டாவில் போட்டாள்.

"களவாண்டது நான். அதுக்கு நீங்க கை வச்சுச் சொன்ன அந்தப் பீடத்துக்கிட்ட நின்னு பொய் சொல்லப் பாத்தீக. வாயைத் தொறந்தீக, நான் பாத்தேன்" என்றாள். "ஒங்களை அப்படிப் பாக்க எனக்குப் பொறுக்கல."

நானும் ஒரு வெங்காயத்தை எடுத்து உரிக்க ஆரம்பித்தேன். மூன்று மூட்டையும் முடிகிறவரை அவள் பக்கத்திலிருந்து நான் எழுந்திருக்கவில்லை.