ரஷ்யாவுக்கு ஒரு சாவு

ஊமைப்படம் எடுக்க வாடகைக்குப் பிடித்திருந்த அந்தக் கப்பலில் யெப்பேயைப் பாய் இழுக்கத்தான் வேலைக்கு வைத்தார்கள். மாலுமிகள் யாருடைய முகமும் படத்தில் விழக் கூடாது என்பது டைரக்டர் ஹோல்கர் ரூஸ் முதல் நாளே போட்ட கட்டளை. காமிரா எந்தப் பக்கம் திரும்புகிறதோ, அதற்கு எதிர்ப்பக்கம் ஓடி ஒளிய வேண்டும்.

கெடுத்தது ஓர் அலை. கதாநாயகி அக்னேத்தே மயங்கி விழும் காட்சி. தாங்கிப் பிடிக்க வேண்டிய நடிகர் கடலை எட்டிப் பார்த்து வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார். கப்பல் சாய, அந்த அம்மாள் நிஜமாகவே உருண்டாள். பாய்மரத்துக்குப் பின்னால் பதுங்கியிருந்த யெப்பே பாய்ந்துபோய்ப் பிடித்தான். பிடித்ததோடு விட்டிருக்கலாம். காமிராவின் கைப்பிடி சுற்றிக்கொண்டிருப்பதைப் பார்த்ததும் என்ன தோன்றியதோ, அவள் நெற்றியில் விழுந்திருந்த முடியை ஒரு விரலால் ஒதுக்கிவிட்டான்.

ரூஸ் துள்ளிக் குதித்தார். சாப்பாட்டு மணி அடிப்பதற்குள் கதை மாறிவிட்டது. கதாநாயகியை இப்போது இரண்டு பேர் காதலித்தார்கள். இரண்டாவது ஆள் யெப்பே.

காற்று நிற்கும்வரை அதுவும் வேடிக்கையாகத்தான் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை லெசோ தீவில் அவனுக்குக் கல்யாணம். அதற்குள் கரை திரும்பிவிடலாம் என்று சொல்லித்தான் கூட்டி வந்திருந்தார்கள். இப்போது தீவு கண்ணுக்கெதிரே பச்சைக் கோடாகக் கிடந்தது. கப்பலோ அசையவில்லை. பாய்கள் காயப்போட்ட துணிபோலத் தொங்கின. வசந்த காலத்தில் ஒருமுறை தேதி குறித்து, மீன்பிடிக்கப் போன இடத்தில் மாட்டிக்கொண்டு வராமல் போனவன் அவன். மணப்பெண் டோர்தேயின் அப்பா பௌல் அப்போதே சொல்லிவிட்டார்: "இன்னொரு தடவ இப்படிப் பண்ணினா, என் பொண்ணு அமெரிக்காவுல இருக்கிற அவ அக்கா வீட்டுக்குக் கப்பல் ஏறிடுவா. நீ மீனையே கட்டிக்க." பக்கத்தில் நின்ற டோர்தே மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் அவனை அரித்துக்கொண்டிருந்தது.

வெள்ளிக்கிழமை, தொப்பியைக் கழற்றிக்கொண்டு டைரக்டர் முன்னால் போய் நின்றான்.

"ஐயா, பக்கத்துல தொங்குற சின்னப் படகக் குடுங்க. துடுப்புப் போட்டே போயிடறேன். கல்யாணம் முடிஞ்ச கையோட திரும்பிடுவேன்."

"அந்தப் படகு எல்லாக் காட்சியிலயும் பின்னால தெரியுதுடா. ஒரு காட்சில இருந்துட்டு இன்னொண்ணுல இல்லன்னா ஜனங்க சிரிப்பாங்க. உன் மூஞ்சியும் அப்படித்தான். படத்துல ஏறிடுச்சு, இனிமே இறங்க முடியாது."

"ஏற்கெனவே ஒரு தடவ வராமப் போனவன்யா நான்."

"ஒரு தடவ பொறுத்தவ இன்னொரு தடவ பொறுப்பா. போ, மூஞ்சில மாவு பூசிக்க."

சமையல்கார நில்ஸ் பல்லைக் காட்டினான். "உனக்கென்ன மாப்பிள! கரையில ஒரு பொண்ணு, கப்பல்ல ஒரு பொண்ணு."

எல்லோரும் சிரித்தார்கள். கயிற்றுச் சுருள்மேல் உட்கார்ந்து உருளைக்கிழங்கு தின்றுகொண்டிருந்த அக்னேத்தே மட்டும் சிரிக்கவில்லை. அவனைக் கையசைத்துக் கூப்பிட்டாள்.

"பேசாம சாகக் கேளுப்பா."

"என்னம்மா சொல்றீங்க?"

"செத்தவனுக்கு அடுத்த காட்சில என்ன வேலை? எனக்கு லீவு வேணும்னா நான் செத்துடுவேன். காசநோய்ல போயிருக்கேன், விஷம் குடிச்சிருக்கேன். இரு, அவர்கிட்ட நான் பேசறேன், படகையும் சேத்துக் கேக்கறேன்."

பேசினாள். ரூஸுக்குப் பிடித்துப்போயிற்று. சனிக்கிழமை மத்தியானம் வாந்தி தெளிந்த நடிகர் பொறாமையில் யெப்பேயைக் கத்தியால் குத்தினார். முதல் தடவை "பொணம் காலச் சொறியக் கூடாதுடா!" என்று ரூஸ் கத்தினார். அடுத்த தடவை, அக்னேத்தேயின் மடியில் தலைவைத்துப் படுத்தவன் டோர்தே கப்பல் ஏறுவதை நினைத்துக்கொண்டான். கண்ணீர் தானாக வந்தது. காமிராக்காரர் மூக்கை உறிஞ்சியபடியே கைப்பிடியைச் சுற்றினார்.

யெப்பே எழுந்து, சட்டையில் வழிந்த பீட்ரூட் சாற்றைத் துடைத்துவிட்டு, தன் மூட்டையை எடுத்தான்.

"எங்க கிளம்பிட்ட?" என்றார் ரூஸ்.

"அதான் செத்துட்டேனேய்யா."

"அது ரஷ்யாவுக்கு."

யெப்பேக்குப் புரியவில்லை.

"யாராவது சாகலன்னா ரஷ்யாக்காரன் படத்த வாங்க மாட்டான். நம்ம ஊர்க்காரனுக்குக் கல்யாணம் வேணும். அதனால படத்துக்கு ரெண்டு முடிவு. நீ செத்த அழகப் பார்த்ததும் தீர்மானிச்சுட்டேன், பொண்ணு உனக்குத்தான். நாளைக்குக் காலைல நீ பொழச்சு எழுந்து இந்தம்மாவக் கட்டிக்கற."

அக்னேத்தே தலையைக் குனிந்துகொண்டாள். "ரஷ்யாவ மறந்தே போயிட்டேன்பா" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை கடல் தட்டில் ஊற்றிய எண்ணெய்போலக் கிடந்தது. யெப்பேக்கு யாருடையதோ ஒரு கறுப்புக் கோட்டை மாட்டினார்கள். தோளில் தையல் இறுக்கியது. நில்ஸ், கழுத்தில் பாதிரியின் வெள்ளைப் பட்டையோடு, சிரிப்பை அடக்கியபடி நின்றான். தீவிலிருந்து கோயில் மணிச் சத்தம் நீர்மேல் மெல்ல வந்தது. அது தனக்காக அடிக்கிற மணி என்பது யெப்பேக்குத் தெரியும்.

மணி நின்று வெகுநேரம் கழித்து ஒரு படகு தெரிந்தது. துடுப்புப் போடுகிற முதுகு பௌலுடையது. பின்னால் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தவளின் மார்பில், தீவுப் பெண்கள் கல்யாணத்துக்குப் பூட்டுகிற வெள்ளி நகை மின்னியது.

"யாருடா அது என் கடல்ல?" என்றார் ரூஸ். உடனே, "விடு, அழகாத்தான் இருக்கு. சுத்து!"

"டோர்தே!" என்று யெப்பே கத்தினான். சத்தம் அங்கே எட்டவில்லை.

"வாய் நல்லா அசையுது! அப்படியே கத்து!" என்றார் ரூஸ்.

அங்கே துடுப்புகள் நின்றன. அந்தத் தூரத்தில் என்ன தெரியும்? கறுப்புக் கோட்டு, வெள்ளை முக்காடு, நடுவில் ஒரு பாதிரி. பௌல் படகைத் திருப்பத் தொடங்கினார்.

"யாருப்பா அது?" உதட்டை அசைக்காமலே கேட்டாள் அக்னேத்தே.

"நான் கட்டிக்க வேண்டியவ."

அவள் திரும்பிப் பார்த்தாள். "அந்தச் சின்னப் படக இறக்க எத்தன பேர் வேணும்?"

"ரெண்டு பேர்மா. ரெண்டு கயித்தையும் ஒண்ணா விடணும்."

முக்காட்டைத் தோளுக்குப் பின்னால் தள்ளினாள். "அப்ப வா."

"முத்தம்! முத்தம் எங்க?" என்று ரூஸ் அலறினார். மாப்பிள்ளையும் பெண்ணும் கைகோத்துக்கொண்டு படகை நோக்கிப் போனார்கள். கயிறு அவள் உள்ளங்கையைச் சீவிக்கொண்டு ஓடியது, அவள் பிடியை விடவில்லை. படகு ஒரு பக்கம் சாய்ந்து, தண்ணீரில் அறைந்து, நிமிர்ந்தது. யெப்பே கயிற்றில் வழுக்கி இறங்கினான்.

"படகு போகுதுடா! என் படகு!"

முதுகு காட்டி உட்கார்ந்து துடுப்புப் போடுகிறவனால் போகும் திசையைப் பார்க்க முடியாது. யெப்பேயின் கண்ணுக்கு எதிரே இருந்தது கப்பல்தான். கையை வயிற்றோடு இறுக்கிக்கொண்டு நிற்கும் அக்னேத்தே, அவனையே குறிபார்த்து இன்னும் சுற்றிக்கொண்டிருக்கும் காமிரா. திரும்பிப் பார்த்தால் வேகம் குறையும். தோளுக்குமேலே "டோர்தே" என்று கத்தினான். கோட்டுத் தையல் பிரிந்தது. பதில் வந்ததா இல்லையா, தெரியவில்லை. தன் துடுப்பின் சத்தம்தான் காதை அடைத்தது. அது நின்றால்தான் பதில் கேட்கும். நிறுத்த அவனுக்குத் துணிவு வரவில்லை.