காயாத தாள்கள்

வெனிஸில் எங்கள் சந்தின் கால்வாய்க்கு மேலே தொங்கும் ஜனெத்தாவின் காதல் கவிதைகள் அச்சாகி நானூற்று எண்பது ஆண்டுகள் ஆகின்றன. மை இன்னும் காயவில்லை. அவள் கப்பலுக்குப் பாய் தைப்பவரின் மகள். அல்விசே என்ற வணிகர் வீட்டுப் பிள்ளை இரண்டு கோடை அவளோடு சுற்றினான். பெரிய இடத்தில் நிச்சயம் ஆனதும், அவள் கடிதங்களைப் பிரிக்காமலே திருப்பியனுப்பினான். ஆனால் நகரில் அச்சாகும் புத்தகம் எதையும் அவன் விடுவதில்லை. ஆகவே கல்யாணத்துக்கு முன் புத்தகமாகவே அவன் கைக்குப் போய்விடுவது என்று ஜனெத்தா முடிவு செய்தாள். அச்சகக்காரர் பொர்த்தொலோ வழக்கம்போல் தாள்களைக் கொடியில் போட்டார். இரண்டு வாரமாயிற்று. ஈரத் தாளைத் தைத்துப் புத்தகமாக்க முடியாது. "மை என்னோடதுதாம்மா," என்றார். "ஈரம் உன்னோடது." அச்சகத்தில் இடம் போதாமல், கால்வாய்க்குக் குறுக்கே துணி காயும் கொடிகளிலும் தொங்கவிட்டார். சட்டைகளெல்லாம் கறையானதில் சலவைக்காரி ஓர்சொலா கொதித்துப்போனாள்: "ஏன்டி, உன் அழுகையக் காயப்போட எங்க கொடிதானா கிடைச்சுது?"

கல்யாணப் படகு அந்த வழியாகத்தான் வந்தது. ஜனெத்தா ஜன்னலில் நின்றாள். நேர் கீழே வந்தபோது ஒரு சொட்டு மை அல்விசேயின் வெள்ளைக் கழுத்துப்பட்டியில் விழுந்தது. நிமிர்ந்து பார்த்தான். நான்கு வரி படிக்க நேரமிருந்தது. "யார் வீட்டுத் துணிப்பா இது, இன்னும் காயலையே," என்று படகோட்டியிடம் சொல்லிவிட்டுக் கழுத்தைத் துடைத்துக்கொண்டான். படகு பாலத்தடியில் நுழைந்தது.

அதன்பின் முப்பத்தோராண்டு அவள் பாய் தைத்தாள்; கொள்ளைநோயில் போனாள். தாள்களைக் கழற்ற யாருக்கும் மனம் வரவில்லை. கைவிடப்பட்டவர்கள் கொடியை இழுத்து, தாளில் உள்ளங்கையை வைத்து அழுத்தினால் ஒரேயொரு வரி ஒட்டிக்கொள்ளும், இடவலம் மாறி. கண்ணாடியில் தன் முகத்தோடு சேர்த்துத்தான் படிக்க முடியும். முதலில் அழுத்தியவள் ஓர்சொலா, புருஷன் ஓடிப்போன வருஷம். போன மாதம் படகுத்துறையில் டிக்கெட் பார்க்கும் இலாரியா வந்தாள். அவளுடையவன் செல்போனில் நான்கே சொல்லில் முடித்துக்கொண்டிருந்தான். 'நீ மறந்த கதவை நான் இன்னும் தாழிடவில்லை' என்று அவள் கையில் விழுந்தது. காப்பிக்கடைக் கண்ணாடி முன் வெகுநேரம் நின்றாள். "இந்தம்மாவுக்கு என் விஷயத்த யார் சொன்னது?" என்று கேட்டுவிட்டு அழுதாள்.

என் கையிலும் ஒரு வரி உண்டு. கேட்பவர்களிடம் கணவாய் மீனின் கறுப்பு மையில் சமைத்த சோறு சாப்பிட்டேன் என்பேன்; இருபது வருஷமாகவா என்று யாரும் கேட்டதில்லை.

மழை வந்தால் எல்லோரும் ஓடிப்போய்த் துணிகளை எடுக்கிறோம். தாள்களை விட்டுவிடுகிறோம். அவை ஏற்கெனவே நனைந்தவைதாமே.