தொட்டிக்குள் கூப்பிட்ட பெயர்

சிஞ்ஞோரா எமிலியானாவுக்கு எழுபத்தொன்பது வயதானபோது, மிலானோவில் இருக்கும் மகன் தான் வராமல் மூன்று ரிக்கற் அனுப்பினான். வழிகாட்டியோடு ஒருநாள் பயணம், பியெத்ராலுமே என்ற சின்னத் தீவுக்கு. ஒன்று தாய்க்கு. ஒன்று தாயைத் தாங்கிப் பிடிக்கிற வேலைக்காரி எனக்கு. மற்றது, இத்தாலியன் பாஷையில் என்னைத் தாங்கிப் பிடிக்கிற என் மகள் வேணுகாவுக்கு. மகன்மார் எந்த நாட்டிலும் ஒரே மாதிரித்தான் போல.

"அந்தத் தீவிலை அப்பிடி என்னடி இருக்கு?" என்று வேணுகாவைக் கேட்டேன்.

"இந்தக் காலத்துக் கலை, அம்மா. உலகத்திலை எங்கை எங்கையோ இருந்தெல்லாம் வந்து செய்து வச்சிருக்கினம். விளங்காட்டியும் விளங்கின மாதிரி நிக்கவேணும்."

அது எனக்குப் பழக்கம்தான். பலெர்மோவுக்கு வந்த நாலு வருடமாக அப்படித்தான் நிற்கிறேன்.

2016ஆம் ஆண்டு மே மாதம் அது. ஸ்தாசியோனே சென்ட்ராலே ரயில் நிலையத்துக்கு முன்னால் வெள்ளை வான் ஒன்று எங்களை ஏற்றி, ஸ்ஃபெர்ராகவால்லோ மீன்பிடித் துறையில் இறக்கியது. மீன் கடைக்காரர்கள் தரையைக் கழுவிக்கொண்டிருந்தார்கள். பன்னிரண்டு பேர் கொண்ட எங்கள் குழுவுக்கு வழிகாட்டியாக வந்தவள் மெலிந்த இளம்பெண். ஆளுக்கொரு காதுக்கருவி தந்தாள். அவள் கிசுகிசுத்தாலே எங்கள் காதுக்குள் கேட்டது. சிஞ்ஞோரா மட்டும் கருவியைக் கழற்றிக் கைப்பைக்குள் போட்டுவிட்டாள். கணவர் இருந்த காலத்திலேயே காதுக்குள் கதைத்தால் தனக்குப் பிடிக்காதாம்.

படகு கிளம்பியது. கடல் பால் நிறத்தில் கிடந்தது. வானம் எங்கே முடிந்து தண்ணீர் எங்கே தொடங்குகிறது என்று தெரியவில்லை. இயந்திரச் சத்தம்கூட எங்கேயோ தூரத்தில் கேட்டது. வேணுகா என் தோளில் சாய்ந்து கண்ணை மூடினாள். கரை மங்கி, மலை மங்கி, கடைசியில் நாங்கள் அசைகிறோமா நிற்கிறோமா என்பதே எனக்குப் பிடிபடவில்லை. இப்படியான வெளிச்சத்தில்தான் எனக்கு அந்தப் பாலம் வரும்.

சொல்லிவிடுகிறேன். ஏழு வருடத்துக்கு முன் இதே மே மாதத்தில், எங்கள் ஊர்ச் சண்டையின் கடைசி நாளில், சனமெல்லாம் தப்பி வந்த வட்டுவாகல் பாலத்தில் வைத்து என் கணவரைச் சனத்துக்குள் தவறவிட்டேன். எனக்கும் அவருக்கும் இடையில் இருபது முப்பது பேர்தான் இருந்திருப்பார்கள். சனம் நெருக்கித் தள்ளிக்கொண்டு போனது. அவருடைய முதுகும் தோளில் கிடந்த உரப்பையும் எனக்குத் தெரிந்தன. வேணுகா ஆறு வயதுப் பிள்ளை, என் இடுப்பில் இருந்தாள். நான் கூப்பிட்டேன். அவர் திரும்பவில்லை. அதற்குப் பிறகு அவரை நானும் காணவில்லை, வேறு ஒருவரும் கண்டதாகச் சொல்லவில்லை. உயிரோடு இருக்கிறாரா என்று இன்றுவரை தெரியாது. பொட்டை நான் அழிக்கவில்லை.

"அம்மா கூப்பிட்டன், அப்பாவுக்குக் கேக்கேல்லை" என்று மகளுக்குச் சொல்லிவைத்திருக்கிறேன். அது பொய்யில்லை. ஆனால் நான் எப்படிக் கூப்பிட்டேன் என்பதைச் சொல்லவில்லை. என் வயிற்றுக்குள் ஏழு வருடமாகக் கிடப்பது அதுதான்.

எங்கள் பக்கத்தில் பெண்சாதி புருசனின் பெயரைச் சொல்லமாட்டாள். சொன்னால் அவருக்கு ஆயுள் குறையும் என்பார்கள். பலெர்மோவில் குவெஸ்தூரா என்கிற பொலிஸ் அலுவலகத்துக்கு, பெர்மெஸ்ஸோ என்கிற வதிவிட அனுமதி எடுக்கப் போனபோது, கணவர் பெயர் என்னவென்று கேட்ட அதிகாரியிடம் நான் கடதாசியைத் தள்ளிவிட்டு விரலால் காட்டினேன். கட்டின புருசனின் பெயரே தெரியாத பெண் என்று அந்த மனுசன் நினைத்திருப்பான். வேணுகாதான் வெட்கத்தோடு வாசித்துக் காட்டினாள். வீட்டில் அவரை நான் கூப்பிடுவது "இஞ்சாருங்கோ" என்றுதான். இங்கே பாருங்கள் என்பது அதன் அர்த்தம். எங்கள் ஊரில் எல்லாப் பெண்களும் எல்லாப் புருசன்மாரையும் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

அந்தப் பாலத்திலும் நான் "இஞ்சாருங்கோ" என்றுதான் கத்தினேன். எனக்கு முன்னாலும் பின்னாலும் நூறு பெண்கள் அதையேதான் கத்திக்கொண்டு வந்தார்கள். யார் யாருடையவரோ பத்துப் பதினைந்து ஆண்கள் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் திரும்பவில்லை. காலையிலிருந்து கேட்டுக் கேட்டு அந்தச் சொல் அவருக்குக் காற்றுச் சத்தம் போல ஆகியிருக்கும். ஆயுளைக் காப்பாற்றுகிறேன் என்று பெயரை விழுங்கி, ஆளையே விட்டுவிட்டேன். புத்தி கெட்ட பெண் நான்.

தீவு வந்தது. மரமே இல்லாத வெள்ளைக் கல். அதன்மேல் முப்பது நாற்பது நீலக் கதவுகள் வரிசையாக நின்றன. கதவுதான், சுவர் இல்லை, வீடு இல்லை. திறந்தால் அந்தப் பக்கம் கடல். சிலர் திறந்து நுழைந்து, திரும்பி வந்து, பெருமூச்சு விட்டார்கள். வழிகாட்டி காதுக்குள் ஏதோ சொல்ல, வேணுகா மொழிபெயர்த்தாள். "வீடு எண்டா என்ன எண்டு எங்களை யோசிக்கச் சொல்லுதாம்."

"எங்கடை பக்கம் இப்பிடி எத்தினை கதவு நிண்டது. கலை எண்டு தெரியாமல் விட்டிட்டு வந்திட்டம்."

வேணுகா சிரிப்பை அடக்க வாயைப் பொத்தினாள். ஆனாலும் நானும் ஒரு கதவைத் திறந்து நுழைந்தேன் என்பதை ஒத்துக்கொள்ள வேண்டும். வலது காலைத்தான் முதலில் வைத்தேன். அந்தப் பக்கம் காற்று கொஞ்சம் குளிர்ந்திருந்தது போல் இருந்தது. வெளிச்சமும் வேறு மாதிரி இருந்தது. பத்து அடி நடந்த பிறகும் எந்த வீட்டுக்குள் வந்திருக்கிறேன் என்று யோசித்துக்கொண்டே நின்றேன். சிஞ்ஞோரா வந்து கையைப் பிடித்து என்னை வெளியே கூட்டிக்கொண்டு போனாள். அன்று யார் யாரைத் தாங்கினோம் என்று தெரியவில்லை.

மதியம் பாணும் தக்காளியும் சாப்பிட்டோம். பிறகு வழிகாட்டி எங்களைத் தீவின் நடுவிலுள்ள பழைய மழைநீர்த் தொட்டிக்குக் கூட்டிப் போனாள். நிலத்துக்குக் கீழே, கோயில் மண்டபம் அளவு பெரியது. இப்போது தண்ணீர் இல்லை. இருபத்தாறு படி இறங்க வேண்டும். மேலே ஒரு வட்ட ஓட்டை, அதிலிருந்து வெளிச்சம் தூண் போல் விழுந்தது. கலைஞர் இதற்குள் எதையும் வைக்கவில்லை, சுவரை மட்டும் மெழுகிப் பூசியிருக்கிறார் என்றாள். ஒரு சட்டம்தான். கதைக்கக்கூடாது. ஒவ்வொருவராக நடுவில் போய் ஒருவருடைய பெயரைக் கூப்பிடலாம். குரல் பத்தொன்பது விநாடி நிற்கும். அது முழுதாக அடங்கிய பிறகுதான் அடுத்தவர் கூப்பிட வேண்டும்.

என் கால் படியிலேயே நின்றுவிட்டது.

ஜெர்மன்காரர் ஒருவர் யாரோ ஒரு பெண்ணைக் கூப்பிட்டார். ஒரு தம்பதி ஒருவரை ஒருவர் கூப்பிட்டுச் சிரித்தார்கள். குரல்கள் சுவரில் ஊர்ந்து, உருண்டு, எங்கள் தலைக்கு மேலே நெடுநேரம் மிதந்தன. சிஞ்ஞோரா தடியை ஊன்றி நடுவுக்குப் போனாள். "சால்வோ!" என்று கத்தினாள். பெயரோடு நிறுத்தினாளா? பதினொரு வருடத்துக்கு முன் செத்துப்போன புருசனை, பால்கனிக் கதவைத் திருத்தாமல் போனதற்காகத் திட்டத் தொடங்கிவிட்டாள். தொட்டி முழுக்க ஏச்சு நிறைந்தது. வழிகாட்டி தடுக்கவில்லை. சிஞ்ஞோரா கண்ணைத் துடைத்துக்கொண்டு, பத்து வயது குறைந்தவள் போல் திரும்பி வந்தாள்.

அடுத்தது வேணுகாவின் முறை. அவள் தலையை ஆட்டி மறுத்தாள். வெட்கப்படுகிறாள் என்று நினைத்தேன். அவள் என் முதுகில் கை வைத்து மெல்லத் தள்ளி, காதோடு சொன்னாள்.

"அம்மா, நீங்கள் போங்கோ. அப்பாவைக் கூப்பிடுங்கோ."

"எனக்கு ஏலாது பிள்ளை."

"ஒருக்காத்தானே."

கூப்பிட்டால் ஆயுள் குறையும். குறைவதற்கு அவருக்கு ஆயுள் இருக்கிறதா என்பதே தெரியாது. இல்லை என்றால் பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் பயமில்லாமல் கூப்பிட்டால், இல்லை என்று நானே ஒத்துக்கொண்டதாகிவிடும். இப்படி யோசித்துக்கொண்டே அந்த வெளிச்சத்துக்குள் போய் நின்றிருக்கிறேன். எப்படி நடந்தேன் என்பது நினைவில்லை. தலையில் வெயில் இளஞ்சூடாக விழுந்தது. வாயைத் திறந்தேன்.

"இஞ்சாருங்கோ!"

நாக்கு பழகிய சொல்லைத்தான் எடுத்தது. அது சுவரில் பட்டுத் திரும்பியது, இரண்டானது, பத்தானது. கூரையிலிருந்து, மூலையிலிருந்து, காலடியிலிருந்து பெண்கள் கூப்பிட்டார்கள். இஞ்சாருங்கோ, இஞ்சாருங்கோ, இஞ்சாருங்கோ. நூறு பெண்கள். எல்லாம் என் குரல், எல்லாம் வேறு யாரோ பெண்களின் குரல். பாலம் முழுவதும் அந்தத் தொட்டிக்குள் வந்து நிறைந்தது. அன்று அவருக்கு என்ன கேட்டது என்று எனக்கு அப்போதுதான் கேட்டது. இதற்குள் யார்தான் திரும்புவார்கள்? நான் என் காதைப் பொத்திக்கொண்டேன்.

அது அடங்கியது. சட்டப்படி என் முறை முடிந்துவிட்டது. ஆனாலும் ஒருவரும் அசையவில்லை. நான் கையைக் காதிலிருந்து எடுத்தேன்.

"நகுலேஸ்வரன்!"

கல்யாணம் கட்டிப் பதினைந்து வருடத்தில் முதல்முறை. என் குரலில் அந்தப் பெயர் எப்படி இருக்கும் என்று எனக்கே தெரியாது. அழகாக இருந்தது. அது ஒருவருடைய பெயர், ஒரே ஒருவருடையது. எத்தனை தடவை திரும்பி வந்தாலும் வேறு யாரும் அதற்குத் திரும்பிப் பார்க்க முடியாது. நகுலேஸ்வரன், குலேஸ்வரன், ஈஸ்வரன் என்று மெலிந்து மெலிந்து, மேலே இருந்த ஓட்டை வழியாக அது கடலுக்குப் போனது. நான் அழுதேன். ஆசையிலும் அழுதேன், ஆத்திரத்திலும் அழுதேன்.

மற்றவர்கள் மெதுவாக மேலே ஏறினார்கள். வழிகாட்டி சிஞ்ஞோராவுக்குக் கை கொடுத்தாள். நானும் வேணுகாவும் பாதிப் படியில் இருந்துவிட்டோம். அவள் என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்.

"அம்மா, அண்டைக்கு எப்பிடிக் கூப்பிட்டனீங்கள்? முதல் கூப்பிட்ட மாதிரியோ, ரெண்டாவது மாதிரியோ?"

இந்தக் கேள்விக்குத்தான் ஏழு வருடமாகப் பயந்தேன். பொய் சொல்ல வாய் எடுத்தேன். வரவில்லை.

"முதல் மாதிரி" என்றேன். "பேர் சொல்லிக் கூப்பிட்டிருந்தா அப்பா திரும்பியிருப்பார் பிள்ளை. நான் கூப்பிடேல்லை."

அவள் எழுந்து போய்விடுவாள், இனி என்னோடு கதைக்கமாட்டாள் என்றுதான் நினைத்தேன். அவள் எழும்பவில்லை. சட்டை நுனியைச் சுருட்டிக்கொண்டே இருந்தாள்.

"நானும் கத்தினனான்" என்றாள். "உங்கடை இடுப்பிலை இருந்து. உங்களுக்கு ஞாபகம் இல்லை. 'அப்பா, அப்பா' எண்டுதான் கத்தினனான். எனக்கு அப்பவே அப்பான்ரை பேர் தெரியும். அங்கை எல்லாரும் அப்பாதானே அம்மா. ஆர் திரும்புவினம்?"

அந்தப் பழி முழுவதும் எனக்குத்தான் என்று இருந்தேன். ஆறு வயதுப் பிள்ளை அதில் பாதியைத் தூக்கிக்கொண்டு, என்னிடம் ஒரு சொல் சொல்லாமல், இந்தக் கடலெல்லாம் தாண்டி வந்திருக்கிறது.

"ஐயோ, அது உன்ரை பிழை இல்லையடி" என்று அவள் முகத்தைப் பிடித்துத் திருப்பினேன். "சின்னப் பிள்ளை நீ. எல்லாப் பிள்ளையளும் அப்பிடித்தானே கூப்பிடுங்கள். வேறை எப்பிடிக் கூப்பிடுறது?"

அவள் சுருட்டிய சட்டை நுனியை விட்டாள்.

"அப்ப உங்கடை பிழையும் இல்லை" என்றாள்.