நாற்பது விநாடி நர்ஸ்

பூவம்மாவின் திரையுலக வாழ்க்கை இரண்டு நாள் நீடித்தது. நாற்பது வருடங்களுக்கு முன் சிங்கப்பூருக்குப் படம் பிடிக்க வந்த சென்னைக் குழுவினர், நர்ஸ் வேடத்துக்கு ஆள் கிடைக்காமல், பஃபலோ ரோட்டுத் தையல் கடையில் பித்தான் தைத்துக்கொண்டிருந்தவரை வெள்ளை உடுப்பு மாட்டி நிறுத்தினார்கள். ஒரே காட்சி. நாற்பது விநாடி. இரண்டாம் நாள் மதியம் பிரியாணி கொடுத்து அனுப்பிவிட்டார்கள். பிறகு முப்பது வருடம் பூன் லேயில் தொழிற்சாலை வேலை.

எங்கள் கலை மன்றத் தலைவர் ரத்னவேல் அவரை எப்படியோ கண்டுபிடித்து, ‘திரைவானத் துருவ நட்சத்திரம்’ என்ற பட்டம் வழங்கத் தீர்மானித்தார். நான் விழா அறிவிப்பாளன். கணினியும் என் பொறுப்பு. அழைக்கப் போனபோது பூவம்மா ஒரு நிபந்தனை போட்டார்.

“பட்டத்தை யாருக்காச்சும் குடுத்துக்குங்க தம்பி. அந்த சீனை சத்தமில்லாம ஓட்டுங்க. டயலாக்கை நான் சொல்றேன்.”

“ஏன்க்கா?”

“படத்துல வாய் என்னுது, குரல் மெட்ராஸ்ல யாரோடதோ. தியேட்டர்ல எங்கம்மா கேட்டாங்க, ‘யாருடி இது, பல்வலி வந்த கிளி மாதிரி’ன்னு. ஒரு தடவையாச்சும் நாலு பேர் முன்னாடி என் குரல்ல பேசிடணும்.”

விழா தோ பாயோ சமூக மன்றத்தில், மூன்றிலிருந்து ஐந்து மணி வரை. ஐந்து மணிக்கு அதே அரங்கில் ஸும்பா நடன உடற்பயிற்சி வகுப்பு. ரத்னவேல் “சுருக்கமாக” என்று ஆரம்பித்துச் சங்க காலத்துக்குப் போனார். நாலே முக்காலுக்குப் பல்லவர்களிடம் வந்து சேர்ந்தார். சினிமா கண்டுபிடிக்கப்பட இன்னும் பல நூற்றாண்டுகள் இருந்தன.

பொன்னாடைக்குள் வியர்த்தபடி பூவம்மா கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ஐந்துக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது, தண்ணீர் பாட்டிலும் கையுமாக ஸும்பா ஆன்ட்டிகள் உள்ளே வந்து சுவரோரமாக நின்றார்கள். பூவம்மா எழுந்து என்னிடம் வந்தார்.

“ஓட்டுங்க தம்பி.”

“தலைவர் பேசிக்கிட்டிருக்காரேக்கா.”

“அவர் பேசட்டும். இன்னொரு மைக் இருக்குல்ல?”

நான் பொத்தானை அழுத்தினேன். திரைக்கு முன்னால் நின்ற ரத்னவேலின் வெள்ளை ஜிப்பாவில், சரியாக வயிற்றின்மேல், இருபத்திரண்டு வயது நர்ஸ் தோன்றினாள். பல்லவர்கள் பாதியில் நின்றார்கள். தலைவர் குனிந்து தன் வயிற்றைப் பார்த்தார். வேறு வழியில்லாமல் விலகினார்.

பூவம்மா மைக்கைப் பிடித்தார். கனத்த, கொஞ்சம் கரகரத்த குரல்.

“பயப்படாதீங்க லா. உங்க தங்கச்சி பொழச்சுக்கிட்டாங்க லா. போய் காப்பி குடிச்சிட்டு வாங்க லா.”

படத்தில் நர்ஸின் வாய், பேச்சு முடிந்த பிறகும் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கூடுதலாக அசையும். மோசமான டப்பிங் என்று நான்கூடச் சிரித்திருக்கிறேன். இன்று உதடும் குரலும் இம்மி பிசகாமல் பொருந்தின. சென்னைக் கிளி முழுங்கியது, சிங்கப்பூர்க்காரர்கள் எந்த மொழி பேசினாலும் வால்போல ஒட்டிவிடும் மூன்று ‘லா’க்களை.

தமிழ் தெரியாத ஸும்பா ஆன்ட்டிகளுக்கும் அந்த மூன்று மட்டும் நன்றாகப் புரிந்தது. கைதட்டல் அங்கிருந்துதான் கிளம்பியது.

“ஒன் மோர் டைம் லா, ஆன்ட்டி!”

மணி ஐந்தைத் தாண்டியிருந்தது. பூவம்மா பொன்னாடையைக் கழற்றி நாற்காலியில் போட்டுவிட்டு மறுபடி மைக்கைப் பிடித்தார். ரத்னவேல் பல்லவர் காலத்தை நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு என் பக்கம் சாய்ந்தார்.

“மிச்சத்தை நான் எப்பப் பேசுறது?”

“போய் காப்பி குடிச்சிட்டு வாங்க லா,” என்றது ஒலிபெருக்கி.