தலை கவிழ்ந்த குருவிகள்

கிட்ட வாருங்கோ, பிள்ளையள். அந்தக் கதிரைகளை இழுத்துப் போட்டுக்கொண்டு இருங்கோ. தேத்தண்ணி ஆறினால் சொல்லுங்கோ, திரும்பச் சுடவைக்கலாம். இன்றைக்கு உங்களுக்கு ஒரு ஊரின் கதை சொல்லப் போகிறேன். தண்ணீருக்குள் தூண் நட்டு, தூணுக்கு மேல் குடிசை கட்டி நின்ற ஊர். அங்கே ஒருவரும் பிறந்ததில்லை, ஒருவரும் படுத்து உறங்கியதில்லை. ஆனாலும் ஆயிரம் வருசத்து ஊர் என்று சொல்லி ஆட்களைப் படகில் ஏற்றிக் காட்டினார்கள். அந்த ஊரின் சனம் நாங்கள்தான். மூக்கைப் பொத்தாமல் கேட்க வேண்டும், அதுதான் நான் உங்களிடம் கேட்பது.

விடியற்காலையில், இத்தாலியின் பலெர்மோ ரயில் நிலையமான ஸ்தாசியோனே சென்ட்ராலேக்குப் பின்பக்கம், வான் வண்டி வந்து நிற்கும். மொண்டெல்லோ கடற்கரை ரெஸ்டோரண்டுகளுக்குக் கோப்பை கழுவப் போகிறவர்கள் பஸ்ஸுக்குக் காத்து நிற்பார்கள். நாங்கள் வானில் ஏறுவோம். பலெர்மோவை விட்டு மலை ஏறினால் ஒரு ஏரி. அதன் ஓரத்தில் காலோஜெரோ என்ற மனிதர் தன் காசைக் கொட்டி எழுப்பியதுதான் அந்த ஊர். ‘ஆசியாவின் ஏரி மனிதர்கள்’ என்று வாசலில் பலகை.

இறங்கியதும் முதல் வேலை ஏரியைத் துடைப்பது. சிரிக்காதேங்கோ, உண்மையாகத்தான். கடைசிக் குடிசை விருந்தாளிகள் சாப்பிடும் இடம். அதன் கழிப்பறைக் குழாய் தூணோடு இறங்கி நேரே தண்ணீருக்குள் போகிறது. முதல்நாள் போனதெல்லாம் விடியும்போது மேலே மிதந்து, தூண்களைச் சுற்றிப் பழுப்பு நுரையாக ஒட்டிக்கொண்டு நிற்கும். அதற்குள் செத்த மீன்கள் வயிறு ஊதிக் கிடக்கும். குழந்தைப் பிள்ளைகளின் பம்பர்ஸ் ஊறிப் பெருத்துக் கிடக்கும். நானும் கிருசாந்தினியும் முழங்காலில் இருந்து அத்தாங்கு வலையால் அள்ளுவோம். அள்ள அள்ளக் கை முழுக்க வழுவழு என்று ஒட்டும். எத்தனை முறை சவர்க்காரம் போட்டாலும் வானில் திரும்பும்போது நகக்கண்ணுக்குள் அந்த மணம் இருக்கும். அள்ளி முடிந்ததும் பிளாஸ்டிக் தாமரைகளை மிதக்க விடவேண்டும்.

பிறகு உடுப்பு மாற்றுவோம். சப்பாத்து, மணிக்கூடு, போன் எல்லாம் ஒரு பெட்டிக்குள் போய்விடும். ஆண்களுக்கு இடுப்பில் ஒரு சாரம், மேல் வெறும் மேல். என்னையும் கிருசாந்தினியையும் சட்டை இல்லாமல் சேலை மட்டும் சுற்றச் சொன்னார் காலோஜெரோ. அவள் அத்தாங்கை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு, “உங்கடை சின்யோரா முதல் சுத்தட்டும், பாத்திட்டுச் செய்யிறன்” என்று இத்தாலியனில் சொன்னாள். அந்தப் பேச்சு அதோடு நின்றது.

எனக்குச் சமையல் குடிசை. வெயில் ஏற ஏற நாற்றமும் எழும்பும். படகு கரையை விட்டதும் கொதிக்கும் எண்ணெயில் வெங்காயத்தையும் கருவேப்பிலையையும் அள்ளிப் போட வேண்டும் என்பது காலோஜெரோவின் கட்டளை. சாப்பாட்டுக்காக அல்ல, மணத்துக்காக. படகில் வருகிறவர்கள் மூச்சை இழுத்து “ஆ” என்பார்கள். வெங்காயம் தாளிக்கும் மணம் வந்தால் இப்போதும் நான் எழும்பி வெளியே போய்விடுவேன்.

படகைச் சிந்துஜன் மரக்கோல் ஊன்றித் தள்ளுவான். மைக் பிடித்து விளக்கம் சொல்பவள் கேசிகா. பலெர்மோவில் பிறந்து யூனிவர்சிட்டியில் படிக்கும் பிள்ளை. “இவர்களுக்கு மின்சாரம் தெரியாது, மீனின் மொழி தெரியும்” என்று எழுதிக் கொடுத்ததை அவள் ஒப்பிப்பாள். கடைசிக் குடிசையை ஒட்டிய மேடையில் ஈட்டியோடு நிற்கும் மின்சாரம் தெரியாத மனிதர் அவளுடைய தாய்மாமன் ஆனந்தராசா. பலெர்மோவில் சீசா என்ற பகுதியில் ஒரே வீட்டில் இருக்கிறார்கள். படகு கிட்ட வரும்போது அவர் முகத்தை இறுக்கி வைத்துக்கொண்டு, உதடு அசையாமல் தமிழில் கேட்பார்: “நேற்று உன்ரை வைஃபையைத் திருத்தினது எந்த மீன், பிள்ளை?” கேசிகா மைக்கைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். அந்தச் சிரிப்பைக்கூட விருந்தாளிகள் படம் எடுப்பார்கள்.

அந்த மேடைப் பலகை உக்கி உளுத்துப் போனது என்று ஆனந்தராசா பலமுறை சொல்லியிருந்தார். சீசன் முடியட்டும் என்பதே பதில். ஒரு சனிக்கிழமை மத்தியானம், படகு நிறைய ஆட்கள் பார்த்திருக்க, ஈட்டியை ஓங்கி அவர் கால் ஊன்றிய இடத்தில் பலகை விட்டது. ஒரு கால் தொடை வரை உள்ளே போனது. துருவேறிய ஆணி கணுக்காலிலிருந்து மேலே கிழித்துக்கொண்டு போக, பாதம் அந்தப் பழுப்பு நுரைக்குள் தொங்கியது. நாங்கள் ஒவ்வொரு விடியலிலும் அள்ளும் அதே நுரைக்குள்.

படகில் இருந்தவர்கள் கைதட்டினார்கள்.

காலோஜெரோ கேசிகாவின் காதுக்குள் ஏதோ சொன்னார். அவள் வெளிறிப்போய் மைக்கில் சொன்னாள், ஏரித் தெய்வத்துக்குக் கால் கொடுக்கும் சடங்கு இது என்று. கைதட்டல் இன்னும் கூடியது. படகு போய் முடியும் வரை ஆனந்தராசாவைச் சமையல் குடிசையில் பாய்க்குப் பின்னால் கிடத்தி வைத்திருந்தோம். சத்தம் வராமல் இருக்க அவர் தன் சாரத்தின் நுனியைக் கடித்துக்கொண்டு கிடந்தார்.

பிறகு காலோஜெரோ தானே காரில் ஏற்றினார். கதவைச் சாத்துமுன் குனிந்து சொன்னார்: “வீட்டுக் குளியலறையில் வழுக்கினாய், ஆனந்தோ. எல்லாரும் வழுக்குவதுதான்.”

“குளியலறையிலை ஆணி இல்லையே, சின்யோர்.”

“வேலையில் விழுந்தேன் என்று சொன்னால் இந்த இடத்தைப் பூட்டுவார்கள். வேலை ஒப்பந்தம் போகும். ஒப்பந்தம் போனால் பெர்மெஸ்ஸோ போகும். உன்னுடையது மட்டுமல்ல, இவர்கள் எல்லாருடையதும். யோசித்துச் சொல்.”

பெர்மெஸ்ஸோ இல்லாவிட்டால் இந்த நாட்டில் நிற்க முடியாது என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஆனந்தராசா எங்களைப் பார்த்தார். நாங்கள் நிலத்தைப் பார்த்தோம். ஆஸ்பத்திரியில் அவர் குளியலறை என்றே சொன்னார். சுத்தமான தண்ணீரில் பட்ட காயம் என்று கழுவித் தைத்து அனுப்பிவிட்டார்கள்.

கிழமை திரும்புவதற்குள் தையலுக்குள் சீழ் கட்டியது. பாதம் கறுத்து ஊதியது. திரும்ப ஆஸ்பத்திரியில் படுக்க வைத்தார்கள். என்ன தண்ணீர், என்ன தண்ணீர் என்று டொக்டர் அம்மா திருப்பித் திருப்பிக் கேட்டாராம், தெரிந்தால்தான் சரியான மருந்து கொடுக்கலாம், இல்லாவிட்டால் காலை எடுக்க வேண்டி வரும் என்று. அவர் குளியலறை, குளியலறை என்றே சொல்லிக்கொண்டு கிடந்தார். எங்கள் ஐந்து பேரின் பெர்மெஸ்ஸோவையும் அந்த ஒற்றைக் காலில் தாங்கிக்கொண்டு.

அந்த ஞாயிற்றுக்கிழமை பெரிய ஆட்கள் வருகிறார்கள், சுற்றுலா ஏஜென்சிக்காரர்கள், போனமுறை கட்டியது போல ஓலை அலங்காரம் வேண்டும் என்றார் காலோஜெரோ. ஆனந்தராசாவின் பேரே அவர் வாயில் வரவில்லை. உக்கிய பலகையை மாற்றவும் இல்லை. அதற்கு மேலே ஒரு பாயை விரித்திருந்தார்.

நானும் கிருசாந்தினியும் ஓலைக்குருத்தோடு இருந்தோம். எங்கள் தோரணம் உங்களுக்குத் தெரியும்தானே. ஓலையில் குருவி மடிப்போம். கலியாண வீட்டுக்கு நாலு குருவி, தலை மேலே பார்க்கும். செத்த வீட்டுக்கு மூன்று, தலை கீழே கவிழும். முதல் ஓலையை எடுத்தேன். மூன்றாவது குருவியோடு என் கை நின்றுவிட்டது. தலைகளைக் கீழே கவிழ்த்துப் பக்கத்தில் வைத்தேன்.

கிருசாந்தினி அதைப் பார்த்தாள், என்னையும் பார்த்தாள். “அக்கா, மனிசன் இன்னும் உயிரோடை இருக்கிறார்.”

“அதாலைதான் மடிக்கிறன்,” என்றேன்.

அவளுடைய ஓலையிலும் குருவிகள் தலை கவிழ்ந்தன. சிந்துஜன் வந்து வாங்கிக் கட்டினான். படகுத்துறையிலிருந்து கடைசிக் குடிசை வரைக்கும் செத்த வீட்டுத் தோரணம் ஆடியது. காலோஜெரோ வந்து பார்த்துவிட்டு, “பெல்லிஸ்ஸிமோ” என்று தன் விரல் நுனியை முத்தமிட்டார்.

ஏஜென்சிக்காரர்களோடு அன்று ஒரு தமிழ்க் குடும்பமும் படகில் வந்தது. வரதராஜன், சொர்ணலதா. தமிழ்நாட்டிலிருந்து ஆராய்ச்சிக்கு வந்தவர்கள். படகு துறையை நெருங்க, சொர்ணலதா எழுந்து நின்றுவிட்டார்.

“ஏம்மா, இது சாவு வீட்டுத் தோரணமாச்சே. யாரு தவறிட்டாங்க?” என்று கேசிகாவிடம் கேட்டார்.

கேசிகாவுக்கு அது தெரியாது. நான் சமையல் குடிசை வாசலில் வெங்காயத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறேன், சட்டி சூடாகிக் கிடக்கிறது, ஆனால் நான் போடவில்லை. நாற்றம் தன் பாட்டில் எழும்பி வந்தது. கேசிகா என்னைப் பார்த்தாள். மைக் அவள் கையில் திறந்தபடியே இருந்தது.

“அன்ரி, மாமாக்கு ஏதும்...?”

“ஒருத்தரும் சாகேல்லை, பிள்ளை,” என்றேன். “சாகவிடக் கூடாது எண்டுதான் கட்டினனாங்கள். நீ அதை அவையளுக்கு அவையின்ரை பாஷையிலை சொல்லு.”

காலோஜெரோ கரையில் நின்று கையால் வட்டம் போட்டுக் காட்டினார், தொடர்ந்து சொல், தொடர்ந்து சொல் என்று. கேசிகா தொடர்ந்துதான் சொன்னாள். இவர்கள் சீசாவில் இருக்கிறார்கள், நானும் அங்கேதான். ஏரித் தெய்வம் என்று போன சனிக்கிழமை நான் சொன்னது பொய். அந்தக் கால் என் மாமாவின் கால். அது இப்போது அழுகிக்கொண்டிருக்கிறது. காலோஜெரோ ஓடிப்போய்க் கரையில் நின்ற ஸ்பீக்கரின் வயரைப் பிடுங்கினார்.

பிறகு கத்தினார்: “சிந்து, படகைத் திருப்பு.”

சிந்துஜன் திருப்பினான். ஆனால் கரைக்கு அல்ல. தலையைக் குனியுங்கோ என்று விருந்தாளிகளிடம் சொல்லிவிட்டு, மரக்கோலை ஊன்றி, படகைக் கடைசிக் குடிசையின் அடிக்கே கொண்டுபோனான். ஒரு சுற்றுலாவும் போகாத இடம். தூண்களில் பழுப்புக் களி தடித்து வழிந்தது. குழாயின் வாயில் ஏதோ தொங்கியது. அந்த நேரம் பார்த்து மேலே கழிப்பறையில் யாரோ தண்ணீர் இழுத்துவிட்டார்கள். வந்து விழுந்தது, பிள்ளையள். படகின் விளிம்பில் தெறித்தது. வெள்ளைக் கால்சட்டை போட்ட ஏஜென்சிக்காரர் ஒருவர் ஓங்காளித்துக்கொண்டு, மேடையின் அடியில் இன்னும் நீட்டிக்கொண்டிருந்த ஆணியைக் கண்டார். அதில் காய்ந்த ரத்தமும் சாரத்தின் நூலும் இருந்தன. வரதராஜன் போனை எடுத்து அதைப் படம் பிடித்தார்.

“இதுதான் ஊர்,” என்றான் சிந்துஜன். “இனிக் கரைக்குப் போவம்.”

நாங்கள் பெட்டியைத் திறந்து எங்கள் சப்பாத்துகளைப் போட்டோம். வானுக்காகக் காத்து நிற்கவில்லை. றோட்டில் நடந்து பஸ் பிடித்து நேரே ஆஸ்பத்திரிக்குப் போனோம். ஆனந்தராசாவின் கட்டிலைச் சுற்றி நாங்கள் நின்றோம். கேசிகா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, “மாமா, எங்களுக்காக இனிப் பொய் சொல்லாதேங்கோ” என்றாள். அவர் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். பிறகு டொக்டர் அம்மாவைக் கூப்பிடச் சொன்னார். வேலை செய்யும் இடம், பலகை, ஆணி, கழிப்பறைத் தண்ணீர் என்று எல்லாவற்றையும் தன் வாயாலேயே சொன்னார். அன்றே மருந்தை மாற்றினார்கள். கால் தப்புமா என்று மட்டும் ஒருவரும் வாக்குத் தரவில்லை.

அடுத்த நாள் விடியவும் வான் அதே இடத்தில் வந்து நின்றது. காலோஜெரோவே ஓட்டி வந்திருந்தார். பக்கக் கதவை இழுத்துத் திறந்து, ஏறுகிறவர்கள் ஏறலாம், நேற்று நடந்ததை நான் மறந்துவிட்டேன் என்றார்.

“நாங்கள் மறக்கேல்லை, சின்யோர்,” என்றாள் கிருசாந்தினி. “தொழிற்சங்கக் காரியாலயம் திறக்கட்டும் எண்டு நிக்கிறம்.”

அவர் எங்களை விட்டுவிட்டு மொண்டெல்லோ பஸ்ஸுக்கு நின்றவர்களிடம் திரும்பினார். நல்ல வேலை, சுத்தமான காற்று, யாருக்கு வேண்டும் என்று கேட்டார். அங்கே நின்றவர்கள் எல்லாருக்கும் வேலை தேவைதான், யாரைக் குறை சொல்வது? பெனடிக்ற் என்ற மெலிந்த பொடியன், மூன்று பிள்ளைகளின் தகப்பன், பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வானை நோக்கி நடந்து வந்தான். கதவடியில் நின்று என்னைப் பார்த்தான்.

“அக்கா, ஆனந்தண்ணையின்ரை காலைக் கிழிச்சது இவரின்ரை பலகையே?”

“ஓம்.”

அவன் வானுக்குள் எட்டிப் பார்த்தான். பிறகு கதவைப் பிடித்து, சத்தம் வராமல், மெல்ல இழுத்துச் சாத்திவிட்டு எங்கள் பக்கத்தில் வந்து நின்றான். அவனுக்குப் பின்னால் மற்றவர்களும் ஒவ்வொருவராக வந்தார்கள். மொண்டெல்லோ பஸ் வந்தது. அவர்களை ஏற்றாமலே போனது.

அந்தக் கால் இன்னும் கட்டோடுதான் இருக்கிறது. பெர்மெஸ்ஸோ என்ன ஆகும் என்று தெரியாது. வான் மட்டும் அன்று வெறுமையாகத் திரும்பிப் போனது.

சரி, பிள்ளையள், எழும்புங்கோ. உங்கள் வீட்டு வாசலில் கட்டுகிற தோரணத்தில் எப்போதும் நாலு குருவி தலை நிமிர்ந்து இருக்கட்டும். விடிய வேலைக்குப் போகிறவர்கள் போன காலோடே வீடு திரும்பட்டும். உங்கள் அடுப்பில் வெங்காயம் தாளிப்பது உங்கள் பசிக்காக மட்டும் இருக்கட்டும்.